விஷபேதியின் விஷம்: காலரா நச்சின் வரலாறு

காலரா நச்சு என்பது விப்ரியோ காலரே என்னும் பாக்டீரியா மனிதரின் சிறுகுடலில் தங்கிப் பெருகும்போது வெளிவிடும் ஒரு புரதம். இந்தக் கிருமி குடலை அரிப்பதில்லை. குடற்சுவரைத் துளைத்து இரத்தத்துக்குள் புகுவதுமில்லை. சுவரின்மேல் ஒட்டிக்கொண்டு நச்சைச் சுரக்கிறது, அவ்வளவுதான். அந்த நச்சினால் உடம்பின் நீரும் உப்பும் குடலுக்குள் இறங்கி, கடுமையான நோயில் மணிக்கு ஒரு லிட்டர் வரை வெளியேறிவிடுகின்றன. காலையில் நன்றாக நடமாடியவர் மாலைக்குள் கண் குழிந்து, குரல் கம்மி, விரல் நுனித் தோல் சுருங்கி, நாடி பிடிபடாமல் கிடப்பது இதனால்தான். குடல்நோய் உண்டாக்கும் பாக்டீரிய நச்சுகளில் மிக விரிவாக ஆராயப்பட்டது இதுவே. மற்ற நச்சுகளைப் புரிந்துகொள்ளும் வழியையும் இதுவே காட்டிக்கொடுத்தது.

நோயின் பெயர்கள்

தமிழில் இந்த நோய்க்கு வாந்திபேதி, கக்கல் கழிச்சல், விஷபேதி என்று பல பெயர்கள் உண்டு. கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து மலையேறி, இடுக்கி மாவட்டம் உடும்பன்சோலை வட்டத்தில் இருக்கும் கம்பம்மெட்டைத் தாண்டினால் சொற்கள் மாறுகின்றன. சாதாரண வயிற்றுப்போக்கு அங்கே வயறிளக்கம், அதிசாரம். ஊரைக் காலிசெய்யும் கொள்ளைநோயாக வந்த காலராவுக்குப் பழைய மலையாளத்தில் நடப்புதீனம் என்று பெயர். ஊர்விட்டு ஊர் நடந்து வரும் நோய் என்ற பொருள் அந்தச் சொல்லில் தொனிக்கிறது. கம்பம்மெட்டு போன்ற ஓர் இடத்தில் நின்று பார்த்தால் அது எவ்வளவு பொருத்தம் என்று தெரியும். ஏலத்தோட்ட வேலைக்குக் கம்பம் பக்கத்திலிருந்து பெண்கள் விடியுமுன்னே ஜீப்பில் ஏறி, சோதனைச்சாவடி கடந்து, மாலையில் திரும்புகிறார்கள். மனிதர் போகும் வழியில்தான் காலராவும் போகும். அதன் கிருமிக்கு இயற்கை வீடு உப்பு கலந்த கழிமுகநீர்; மலைக்கு அது தானாக ஏறுவதில்லை, மனிதக் குடலில் ஏறித்தான் வர வேண்டும்.

மலைத்தோட்டத் தொழிலாளரைக் காலராவின் பெயரால் தடுத்து நிறுத்திய வரலாறும் தமிழருக்கு உண்டு. இலங்கையின் தேயிலைத் தோட்டங்களுக்குப் போனவர்கள் இருபதாம் நூற்றாண்டில் மண்டபம் முகாமில் பல நாட்கள் தங்கவைக்கப்பட்டு, நோய் இல்லையென்று தெரிந்த பிறகே கடல் கடந்தார்கள். ஏழைகளை மட்டும் பிடித்த நோய் அல்ல இது. சென்னை மாகாணத்தின் ஆளுநர் தாமஸ் மன்றோ 1827 ஜூலை 6ஆம் நாள் பத்திகொண்டாவில் சுற்றுப்பயணத்தின் நடுவே காலராவில்தான் இறந்தார். ஆனால் ஆளுநருக்கு நினைவுச்சிலை எழுந்தது. 1876–78 தாது வருடப் பஞ்சத்தில் பசியோடு வந்த காலராவுக்குப் பலியானவர்கள் லட்சக்கணக்கானோர். அவர்கள் பெயர்கள்கூட இன்று நம்மிடம் இல்லை.

விஷபேதி என்ற பெயரை வைத்தவர்கள் நோயின் கொடுமையைத்தான் சொன்னார்கள். அதன் காரணம் உண்மையிலேயே ஒரு விஷம் என்று நிறுவ 1959 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நிறுவியவர் ஓர் இந்தியர்.

தவறான இடத்தில் தேடிய எழுபத்தைந்து ஆண்டுகள்

லண்டனில் ஜான் ஸ்நோ குடிநீர்க் குழாயைக் காட்டி நோய் நீரால் பரவுகிறது என்று வாதிட்டதும், பிளாரன்ஸில் பிலிப்போ பாச்சினி நுண்ணோக்கியில் கிருமியைக் கண்டதும் ஒரே ஆண்டில், 1854இல் நடந்தவை. பாச்சினி சொன்னதை அன்று யாரும் பொருட்படுத்தவில்லை. முப்பது ஆண்டு கழித்து, 1884இல், ராபர்ட் கோக் கல்கத்தாவில் தங்கி இறந்தவர் குடலிலிருந்தும் குளத்து நீரிலிருந்தும் கிருமியைப் பிரித்தெடுத்தார். வளைந்த காற்புள்ளி வடிவம். குடலை விட்டு நகராத ஒரு கிருமி முழு உடம்பையும் சாய்ப்பதென்றால் அது நஞ்சு ஒன்றைச் சுரக்க வேண்டும் என்பது கோக்கின் ஊகம்.

ஊகம் சரி. ஆனால் அந்த நஞ்சைத் தேடியவர்கள் விலங்குகளின் இரத்தத்திலும் வயிற்றறையிலும் கிருமியைச் செலுத்திப் பார்த்தார்கள். விலங்குகள் செத்தன, ஆனால் எதற்கும் பேதி வரவில்லை. கிருமி உடைந்து சிதறும்போது வெளிப்படும் உள்நச்சுதான் காரணம் என்ற முடிவு பாடப்புத்தகங்களில் ஏறிவிட்டது. இன்னொரு பிழையும் அதோடு சேர்ந்தது. பிணச் சோதனையில் குடலின் உட்தோல் உரிந்து கிடந்ததைப் பார்த்து, காலரா குடலைப் புண்ணாக்குகிறது என்று நம்பினார்கள். வெப்பநாட்டில் பிணத்தின் குடல் சில மணி நேரத்தில் தானே அழுகத் தொடங்கும்; அவர்கள் பார்த்தது அதைத்தான். இந்தப் பிழைக்கு விலை இருந்தது. புண்ணான குடல் எதையும் உறிஞ்சாது என்று கருதி, வாய்வழி நீர் கொடுப்பது வீண் என்று பல மருத்துவர்கள் விட்டுவிட்டார்கள்.

சம்புநாத் தே

சம்புநாத் தே 1915 பிப்ரவரி 1ஆம் நாள் ஹூக்ளி மாவட்டத்தின் கரிபாட்டி கிராமத்தில் பிறந்தார். கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் படித்து, லண்டனில் ராய் கேமரூனிடம் ஆய்வு செய்து, 1949இல் முனைவர் பட்டத்துடன் திரும்பினார். அவர் கையில் பெரிய ஆய்வகம் எதுவும் இல்லை. ஆனால் மற்றவர்கள் கேட்காத ஓர் எளிய கேள்வி இருந்தது: நோய் குடலில்தானே வருகிறது, நாம் ஏன் குடலுக்கு வெளியே தேடுகிறோம்?

1953இல் டி. என். சட்டர்ஜியுடன் சேர்ந்து அவர் வெளியிட்ட சோதனை இது. மயக்கிய முயலின் சிறுகுடலில் ஒரு சிறு பகுதியை இரண்டு பக்கமும் நூலால் கட்டி, கட்டுகளுக்கு நடுவே காலராக் கிருமியைச் செலுத்தி வயிற்றைத் தைத்துவிட்டார்கள். மறுநாள் திறந்தபோது கட்டிய பகுதி நீர் கோத்து விம்மிப் புடைத்திருந்தது. கிருமி இல்லாமல் கட்டிய பகுதியோ சுருங்கியபடியே கிடந்தது. நூலும் ஊசியும் முயலும் போதுமான அந்தச் சோதனை குடல் நச்சுகளைக் கண்டுபிடிக்கும் பொதுக் கருவியாக உலகம் முழுவதும் பரவியது. இதையொத்த ஒரு முயற்சியை 1915இலேயே வியோல், கிரென்டிரோபூலோ இருவரும் செய்திருந்தார்கள் என்றாலும் அதை யாரும் தொடரவில்லை.

அடுத்த படிதான் தீர்க்கமானது. கிருமியை வளர்த்த நீரை நுண்வடிகட்டியில் வடித்து, உயிருள்ள ஒரு கிருமிகூட இல்லாத வடிநீரை மட்டும் குடற்கட்டில் செலுத்தினார் தே. அப்போதும் நீர் கோத்தது. கிருமி இல்லாமலே நோய். ஆக, கிருமி வெளியே விட்ட ஏதோ ஒன்றே நோய். 1959 மே 30ஆம் நாள் நேச்சர் இதழில் சில பத்திகளாக வந்த கட்டுரை அது. அதே ஆண்டில் பம்பாய் ஹாப்கின் நிறுவனத்தில் என். கே. தத்தாவும் குழுவினரும் முயல்குட்டிகளில் காலராவை ஒத்த பேதியை உண்டாக்கிக் காட்டினார்கள். 1960இல் யூஜின் கங்கரோசா, பாங்காக் நோயாளிகளின் குடலிலிருந்து உயிரோடிருக்கும்போதே எடுத்த துணுக்குகளை ஆராய்ந்து, உட்தோல் உரியவில்லை, முழுதாக இருக்கிறது என்று உறுதி செய்தார்.

1969இல் ரிச்சர்ட் பிங்கெல்ஸ்டைன், ஜோசப் லோஸ்பலூட்டோ இருவரும் அமெரிக்காவில் நச்சைத் தூய்மையாகப் பிரித்தார்கள். தே 1973இல் ஓய்வு பெற்றார். 1978இல் ஸ்டாக்ஹோமில் நடந்த நோபல் கருத்தரங்குக்கு அழைக்கப்பட்டார். நோபல் பரிசுக்கு அவரை ஜோஷுவா லெடர்பெர்க் ஒன்றுக்கு மேற்பட்ட முறை பரிந்துரைத்தார். தாய்நாட்டில் பெரிய விருதோ அறிவியல் கழக உறுப்பினர் பதவியோ அவருக்குக் கிடைக்கவில்லை. 1985 ஏப்ரல் 15ஆம் நாள் காலமானார். கரன்ட் சயின்ஸ் இதழ் அவருக்கென்று சிறப்பிதழ் கொண்டுவந்தது 1990இல். இத்தனை தாமதம் நம் அறிவுலகத்தின் குறை என்றே சொல்ல வேண்டும்.

நச்சு செய்யும் வேலை

நச்சின் மூலக்கூறு இரண்டு வகைப் பகுதிகளால் ஆனது. பி என்னும் பகுதி ஐந்து துண்டுகள் வளையமாகச் சேர்ந்தது. அதன் நடுவே ஏ என்னும் ஒற்றைப் பகுதி உட்கார்ந்திருக்கிறது. ஐந்து பி துண்டுகளும் குடல் உயிரணுவின் மேலுள்ள ஜிஎம்1 என்ற கொழுப்புச் சர்க்கரைப் பொருளைப் பற்றிக்கொள்ளும். பிடிப்பது மட்டுமே அவற்றின் வேலை. கெடுக்கும் வேலை ஏ பகுதிக்கு உரியது. உயிரணுவுக்குள் நுழைந்ததும் அது ஜி புரதம் என்ற உள்விசையில் ஒரு வேதித்துண்டை ஒட்டவைத்து, விசையை எரியும் நிலையிலேயே இறுக்கிவிடுகிறது. வழக்கமாகச் சில நொடிகளில் தானே அணையும் விசை அணையாமல் போகிறது. சுழற்சி ஏஎம்பி என்ற செய்திப்பொருள் உயிரணுவில் குவிகிறது. குளோரைடு வாயில் திறந்துகொள்கிறது. குளோரைடு வெளியேற, சோடியமும் நீரும் அதன் பின்னாலேயே போகின்றன. உப்பை உள்ளிழுக்கும் வழக்கமான வழியும் அடைபடுகிறது. கஞ்சி வடித்த தண்ணீர் போன்ற பேதி என்று மருத்துவ நூல்கள் சொல்வது இந்த நீரைத்தான். அதில் இரத்தமும் சீழும் இராது. சோடியமும் பொட்டாசியமும் பைகார்பனேட்டும் மிகுந்திருக்கும்.

இத்தனை கேட்டிலும் நச்சு தொடாத ஒரு வாயில் உண்டு. குளுக்கோசும் சோடியமும் சேர்ந்து வந்தால் இரண்டையும் ஒன்றாக உள்ளே கொண்டுபோகும் வாயில் அது. சிகிச்சையின் வரலாறு முழுவதும் அந்த ஒரு வாயிலைச் சுற்றியே நகர்கிறது.

உறவு நச்சுகள்

தேயின் குடற்கட்டு முறை 1956இலேயே ஈ.கோலைக் கிருமியின் சில வகைகளும் நீர் கோக்க வைப்பதைக் காட்டியது. வெப்பத்தில் அழியும் அதன் நச்சு காலரா நச்சுக்கு உடன்பிறப்பு போன்றது. வெப்பம் தாங்கும் இன்னொரு சிறிய நச்சு வேறு விசையைத் திருகி அதே பேதியை உண்டாக்கும். ஷிகெல்லாவின் போக்கு வேறு. ஜப்பானியர் கியோஷி ஷிகா 1897இல் கண்ட இக்கிருமியின் ஒரு வகை சுரக்கும் நச்சு, உயிரணுவின் புரத உற்பத்தியையே நிறுத்திக் கொன்றுவிடுகிறது. ஆமணக்கு விதையிலுள்ள ரிசின் தாக்கும் இடமும் அதுவே. இவ்வகைச் சீதபேதியில் இரத்தம் வரும். ஸ்டாபிலோகாக்கஸ் நச்சோ உணவிலேயே சுரந்து கிடப்பது. மறுபடி சுடவைத்தாலும் அது அழியாது. பகலில் வடித்த சோற்றை வெக்கையில் நெடுநேரம் வைத்துப் பிறகு வறுத்துண்ணும்போது வாந்தி வரவைக்கும் பாசில்லஸ் செரியஸ் நச்சும் அப்படித்தான்.

சென்னையில் வந்த புது உடுப்பு

1817இல் ஜெசூர் பகுதியில் கிளம்பிய முதல் உலகப்பரவலில் தொடங்கி, 1961இல் இந்தோனேசியாவில் புறப்பட்ட எல் டோர் வகையின் ஏழாம் பரவல் வரை நோயை உண்டாக்கியவை ஓ1 என்ற ஒரே மேற்பூச்சுக் குழுவைச் சேர்ந்தவை என்பதே பொதுக் கருத்து. 1992இன் இறுதியில் சென்னையில் அந்தக் கருத்து உடைந்தது. நோயாளிகளிடம் கிடைத்த கிருமி எந்த ஓ1 சோதனைக்கும் பிடிபடவில்லை. வேலூரிலும் மதுரையிலும் அதே கிருமி தென்பட்டது. பிறகு கல்கத்தா, வங்கதேசம். அதற்கு ஓ139 என்று எண் கொடுத்து, வங்கக் கடலோரத்தை நினைத்து பெங்கால் என்றும் பெயரிட்டார்கள். மேற்பூச்சு மாறியதால் முன்பு நோய் கண்டு எதிர்ப்பாற்றல் பெற்ற பெரியவர்களும் விழுந்தார்கள். உள்ளே சுரந்தது பழைய நச்சேதான்.

நச்சின் மரபணு கிருமிக்குச் சொந்தமே அல்ல என்று 1996இல் மத்தேயு வால்டோர், ஜான் மெக்கலனோஸ் இருவரும் காட்டினார்கள். பாக்டீரியாவைத் தொற்றும் ஒரு வைரஸ் அதைச் சுமந்துவந்து செருகுகிறது. ஏதுமறியாத நீர்க்கிருமி ஒன்று கொலைகாரக் கிருமியாவது அப்படித்தான்.

இது முடிந்துபோன கதை அல்ல. 2022 ஜூலை தொடக்கத்தில் காரைக்காலில் வயிற்றுப்போக்கு பரவி, சிலருக்குக் காலரா உறுதியானபோது, புதுவை அரசு பொதுச் சுகாதார அவசரநிலை அறிவித்துப் பள்ளிகளை மூடியது.

கரைசல்

ஹேமேந்திரநாத் சட்டர்ஜி 1953இல் கல்கத்தாவில் 186 நோயாளிகளுக்கு உப்பும் குளுக்கோசும் கலந்த நீரை வாய்வழியே கொடுத்து, கற்பூரவல்லிச் சாறும் சேர்த்து, லான்செட் இதழில் எழுதினார். அளவுக் கணக்குகள் போதவில்லை என்று மருத்துவ உலகம் அதைக் கடந்து போய்விட்டது. சோடியம், குளுக்கோஸ் இரண்டும் இணைந்து உள்ளே போகும் விதத்தை 1960இல் ராபர்ட் கிரேன் விளக்கினார். 1968இல் டேவிட் நாலின், ரிச்சர்ட் கேஷ் இருவரும் டாக்காவில் காலரா நோயாளிகளிடம் வாய்வழிக் கரைசலை அளந்து நிரூபித்தார்கள். 1971 வங்கதேச விடுதலைப் போரில் எல்லை தாண்டி வந்த அகதிகள் பன்காவ்ன் முகாமில் கொத்துக்கொத்தாக விழுந்தபோது, நரம்பில் ஏற்றும் நீர் தீர்ந்துபோனது. திலீப் மகலனாபிஸ் லிட்டருக்கு 22 கிராம் குளுக்கோஸ், 3.5 கிராம் உப்பு, 2.5 கிராம் சமையல் சோடா என்று கலந்து பீப்பாய்களில் நிரப்பி, நோயாளிகளின் உறவினர் கையிலேயே குவளையைக் கொடுத்தார். நூற்றுக்கு முப்பது வரை இருந்த இறப்பு நாலுக்கும் கீழே இறங்கியது. 2022இல் அவர் மறைந்தார். பத்ம விபூஷண் அடுத்த ஆண்டில் வந்தது.

வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் பி. எஸ். ராமகிருஷ்ணாவும் உடன் உழைத்தவர்களும் 2000இல் இன்னொரு படி சேர்த்தார்கள். சிறுகுடலில் செரிக்காத மாவுப்பொருளைக் கரைசலில் கலந்தால், அது பெருங்குடலுக்குப் போய் அங்குள்ள நல்ல பாக்டீரியாவால் புளித்து, சோடியத்தையும் நீரையும் அங்கேயும் உறிஞ்ச உதவுகிறது. பேதி குறைகிறது, சீக்கிரம் நிற்கிறது. உப்புப் போட்ட அரிசிக்கஞ்சியில் நம் பாட்டிமார் கண்டிருந்த பயனுக்கு இதில் ஒரு விளக்கம் கிடைக்கிறது. உலகச் சுகாதார நிறுவனம் 2002இல் கரைசலின் உப்பையும் சர்க்கரையையும் குறைத்தது. இன்று ஆரம்பச் சுகாதார நிலையத்தில் தரும் பொட்டலம் அந்த அளவில் அமைந்தது.

பொட்டலம் கைக்கு எட்டாத மலைத்தோட்டத்தில், காய்ச்சி ஆறிய ஒரு லிட்டர் நீரில் ஆறு தேக்கரண்டி சர்க்கரையும் அரைத் தேக்கரண்டி உப்பும், இரண்டையும் தலைதட்டி அளந்து கரைக்க வேண்டும். வாந்தி வந்தால் பத்து நிமிடம் பொறுத்து, மீண்டும் கரண்டி கரண்டியாகப் புகட்ட வேண்டும். கைக்குழந்தைக்குத் தாய்ப்பாலை நிறுத்தக் கூடாது. கண் குழிந்து, சிறுநீர் நின்று, ஆள் சோர்ந்துபோனால் கரைசலைக் கொடுத்துக்கொண்டே மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். அங்கே நரம்பில் நீர் ஏற்றுவார்கள்.