அகராதிக்குள் நுழைந்த இல்லாத சொல்



அபூர்வமான ஆங்கிலச் சொற்களைப் பொருளோடும் உச்சரிப்போடும் நோட்டில் எழுதி வைப்பது, வங்கியில் குமாஸ்தாவாக இருந்த நாளிலிருந்தே என் பழக்கம். அந்த நோட்டிலிருந்து ஒரு சொல்லை இந்த இதழில் தருகிறேன்.

சொல்: டோர்ட். ஆங்கிலத்தில் டி, ஓ, ஆர், டி என்று நான்கு எழுத்துகள். உச்சரிப்பு: கதவைக் குறிக்கும் ‘டோர்’ என்பதோடு கடைசியில் ஒரு ‘ட்’. பொருள்: இயற்பியலிலும் வேதியியலிலும் அடர்த்தி. பெயர்ச்சொல்.

1934-இல் அமெரிக்காவில் மெரியம் நிறுவனம் வெளியிட்ட வெப்ஸ்டர் பேரகராதியின் இரண்டாம் பதிப்பில், 771-ஆம் பக்கத்தில் இது இருந்தது. சுமார் 6 லட்சம் பதிவுகள் கொண்ட அகராதி அது. அதில் இருந்தால் யார் சந்தேகப்படுவார்கள்? ஆனால் இப்படி ஒரு சொல்லே ஆங்கிலத்தில் கிடையாது.

நடந்தது இதுதான். அந்த அகராதிக்கு வேதியியல் ஆசிரியர் ஆஸ்டின் பேட்டர்சன். ‘டி’ என்ற எழுத்து எந்தெந்தச் சொற்களுக்குக் குறுக்கமாக வரும் என்ற பட்டியலில் அடர்த்தியையும் சேர்க்கச் சொல்லி, 1931 ஜூலை 31 அன்று ஒரு சீட்டு அனுப்பினார். ‘பெரிய டி அல்லது சின்ன டி: அடர்த்தி’ என்பது அதன் கருத்து. ‘அல்லது’ என்பதற்கு ஆங்கிலத்தில் ஓ, ஆர் என்று இரண்டு எழுத்துகள் அல்லவா? குறுக்கங்களின் கட்டுக்குப் போக வேண்டிய சீட்டு, சொற்களின் கட்டுக்குப் போய்விட்டது. அங்கே தலைச்சொற்களை எழுத்துக்கு எழுத்து இடைவெளி விட்டுத் தட்டச்சு செய்வது வழக்கம். அதனால் நான்கு எழுத்துகளும் சேர்ந்து ஒரே சொல்லாகத் தெரிந்தன. அடுத்த மேஜையில் அதைப் பெயர்ச்சொல் என்று குறித்தார்கள். யாருமே பேசாத சொல்லுக்கு உச்சரிப்பும் எழுதினார்கள்.

1939 பிப்ரவரி 28 அன்று ஓர் ஆசிரியர், இந்தச் சொல்லுக்கு வேர்ச்சொல் விவரம் இல்லையே என்று கவனித்தார். பழைய சீட்டுகளைத் தேடியபோது உண்மை தெரிந்தது. பிறகு சொல்லை நீக்கினார்கள். இந்தக் கதையை 1954-இல் அதே நிறுவனத்தின் ஆசிரியர் ஃபிலிப் கோவ் வெளிப்படையாக எழுதினார்.

இதைப் படித்தபோது என் கவுண்டர் நாட்கள் நினைவுக்கு வந்தன. ஒருமுறை, ஒரு பென்ஷன்தாரரின் 700 ரூபாயை அதே பெயருள்ள இன்னொருவர் கணக்கில் நான் வரவு வைத்துவிட்டேன். அதிகாரி இனிஷியல் போட்டார். மாலையில் டேலி ஆயிற்று, அரையாண்டு பாலன்சிங்கும் டேலி ஆயிற்று. ஆகாமல் என்ன செய்யும்? மொத்தத் தொகை சரிதானே! கடைசியில் அந்தப் பெரியவரே பாஸ்புக்கை நீட்டி, “தம்பி, என் பணம் எங்கே?” என்று கேட்டபோதுதான் தவறு தெரிந்தது. அந்த மாத மருந்துச் செலவுக்கு அவர் கடன் வாங்கியிருந்தார்.

நம் சங்கத்தின் பராமரிப்புக் கணக்கும் உங்களுக்கு வருகிறது. கூட்டல் சரியாக இருக்கிறது, கையெழுத்தும் இருக்கிறது என்று மூடி வைத்துவிடாதீர்கள். உங்கள் வீட்டு எண்ணுக்கு எதிரே உள்ள வரியை ரசீதோடு ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். சந்தேகம் இருந்தால் கூச்சப்படாமல் கேளுங்கள். கேட்பதைக் குற்றச்சாட்டாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டியதில்லை.