மதராஸ், சிட்னி, ஐந்தாம் பரிமாணம்

சிட்னியில் எங்கள் வீட்டு ஃபிரிட்ஜ் கதவில், மேஸ் ஹில் முருகன் கோயில் காலண்டரை ஒரு சின்னக் காந்தம் பிடித்துக்கொண்டிருக்கிறது. தரையில் குண்டூசி விழுந்தால் அதைத்தான் எடுத்துக்கொண்டு குனிவேன். காந்தம் கிட்டே போனதும் ஊசி துள்ளி வந்து ஒட்டிக்கொள்ளும். கீழே இழுப்பது முழுப் பூமி. மேலே இழுப்பது விரல்நகம் அளவு காந்தம். ஜெயிப்பது காந்தம்தான். ஈர்ப்பு விசை ஏன் இவ்வளவு நோஞ்சானாக இருக்கிறது?

இரண்டு இணை உலகங்கள், நடுவே கண்ணுக்குப் படாத ஒரு பரிமாணம், அதில் ஓடும் அதிர்வுகள் என்று பேசும் ஒரு கோட்பாடு இந்தக் கேள்வியில்தான் பிறந்தது. அதைப் படைத்த இருவரில் ஒருவர் மதராஸில் பிறந்து, சிட்னி பல்கலைக்கழகத்தில் படித்து 1984-ல் இளநிலைப் பட்டம் பெற்றவர். பெயர் ராமன் சுந்தரம்.

ஐந்தாம் பரிமாணம் என்ற எண்ணம் அவருக்கும் வெகுகாலம் முந்தியது. 1919-ல் ஜெர்மனியின் கோனிக்ஸ்பெர்க் நகரில் நிலையான சம்பளம் இல்லாத விரிவுரையாளராக இருந்த தியோடர் கலூசா, ஐன்ஸ்டைனுக்குத் தம் கணக்கை அனுப்பினார். இடத்தின் மூன்று பரிமாணங்களோடும் காலத்தோடும் இன்னொன்றைச் சேர்த்தால், ஈர்ப்பும் மின்காந்தமும் ஒரே கட்டுக்குள் வந்துவிடுகின்றன என்றார். ஐன்ஸ்டைன் தயங்கினார். கட்டுரை 1921-ல்தான் வெளிவந்தது. அப்படி ஒரு பரிமாணம் இருந்தால் நாம் ஏன் அதில் நடமாட முடியவில்லை என்ற கேள்விக்கு, 1926-ல் ஸ்வீடன் நாட்டு ஆஸ்கர் கிளைன் பதில் சொன்னார்: அது மிக நுண்ணிய வளையமாகச் சுருண்டு கிடக்கிறது. அதன்பின் பல பத்தாண்டுகள் யாரும் அதை அதிகம் தொடவில்லை.

1999-ல் சுந்தரமும், கோட்பாட்டைப் படைத்த மற்றொருவரான லிசா ராண்டாலும் சேர்ந்து இரண்டு சிறு கட்டுரைகள் வெளியிட்டார்கள். ஓலைச்சுவடியில் அடுத்தடுத்த இரண்டு ஏடுகளை நினைத்துக்கொள்ளுங்கள். நாம், நம் ஒளி, நம் அணுக்கள் எல்லாம் ஓர் ஏட்டில் எழுதப்பட்ட எழுத்துகள். அதைவிட்டு நகர முடியாது. ஈர்ப்பு மட்டும் இரண்டு ஏடுகளுக்கும் நடுவில் உள்ள வெளியில் உலவும். அந்த வெளி வளைந்திருப்பதால் ஈர்ப்பின் பலமெல்லாம் எதிர் ஏட்டின் பக்கம் குவிந்துவிடுகிறது. நம் பக்கம் வந்து சேர்வது அதன் மெல்லிய வால் மட்டுமே. ஈர்ப்பின் ஆற்றல் அளவுக்கும் மற்ற விசைகளின் ஆற்றல் அளவுக்கும் நடுவே ஒன்றுக்குப் பின் 16 பூஜ்ஜியம் போட வேண்டிய இடைவெளியை, மிகக் குறுகிய ஐந்தாம் பரிமாணம் ஒன்று விளக்கிவிடுகிறது. என்னைக் கவர்வது இந்தச் சிக்கனம்தான்.

இனி அதிர்வு. இரண்டு ஏடுகளுக்கும் நடுவே கட்டுண்ட ஈர்ப்பு, விளிம்பு கட்டிய தோலைப்போல அதிரும். ஒவ்வொரு அதிர்வும் நம் உலகில் ஒரு கனமான துகளாகத் தெரியும். உவமைக்காக நான் தோலைச் சொல்லவில்லை. கரணை என்னும் கறுப்புப் பூச்சை நடுவில் இடாத வெறும் வட்டத் தோலைத் தட்டினால் எழும் சுரங்கள் பெசல் சார்புகளின் கணக்குப்படி அமையும். தம்புராத் தந்திபோல 1, 2, 3 என்று வராது. மிருதங்கத்தின் கரணை அந்த ஒழுங்கின்மையைத் திருத்தி எப்படிச் சுருதி சேர்க்கிறது என்று சி.வி. ராமன் 1920-ல் எழுதினார். ராண்டால்–சுந்தரம் துகள்களும் வெறும் தோலின் கூட்டம். முதல் துகளின் நிறை எதுவானாலும், இரண்டாவது அதைப்போல 1.83 மடங்கு, மூன்றாவது 2.66 மடங்கு. இந்த விகிதம் பொருந்தாவிட்டால் கோட்பாடு தோற்றது.

தேடல் செர்ன் ஆய்வுக்கூடத்தின் 27 கிலோமீட்டர் துகள் மோதுவியில் நடக்கிறது. அங்குள்ள அட்லஸ் கருவியில் மெல்பர்ன், சிட்னி பல்கலைக்கழகங்களும் பங்காளிகள். 2012 ஜூலை 4 மாலை 5 மணிக்கு, சர்வதேச மாநாட்டுக்காக மெல்பர்னில் கூடியிருந்த இயற்பியலாளர்கள் ஜெனீவாவிலிருந்து வந்த நேரலையில் ஹிக்ஸ் போசான் என்ற துகள் கிடைத்த செய்தியைக் கேட்டார்கள். அதன் நிறை சுமார் 125 கிகா எலெக்ட்ரான் வோல்ட். ஹிக்ஸ் ஏன் இவ்வளவு லேசாக இருக்கிறது என்பது, என் குண்டூசிக் கேள்வியின் மறுபக்கம்தான்.

2015 டிசம்பரில் நெஞ்சு படபடத்தது. ஒளித்துகள் இரட்டைகளை எண்ணியபோது 750 கிகா எலெக்ட்ரான் வோல்ட்டில் ஒரு மேடு தெரிந்தது. நூற்றுக்கணக்கான கட்டுரைகள் குவிந்தன. ஐந்தாம் பரிமாணத்தின் முதல் தட்டு இதுவாக இருக்கலாம் என்றும் சிலர் எழுதினார்கள். 2016 ஆகஸ்டில் கூடுதல் தரவு வந்ததும் மேடு கரைந்துபோனது. யாரும் அடம் பிடிக்கவில்லை. அந்த நாணயத்தை நான் மிகவும் மதிக்கிறேன். பிறகு வலை இன்னும் பெரிதாக வீசப்பட்டது. இக்கோட்பாட்டின் வழக்கமான ஒரு வடிவத்தில், புரோட்டானைப்போல 4,000 மடங்கு கனம் வரை அந்த முதல் துகள் இல்லை என்று இன்று சொல்ல முடிகிறது. ராண்டாலுக்கும் சுந்தரத்துக்கும் 2019-ல் சகுராய் பரிசு வழங்கப்பட்டது, துகள் இன்னும் சிக்காதபோதே.

இணை உலகங்களை அதிர்வுகள் இணைக்கின்றன, விஞ்ஞானமே நிரூபித்துவிட்டது என்று யாராவது மேடையில் சொன்னால், முதல் அதிர்வுக்கும் இரண்டாவதுக்கும் விகிதம் என்ன என்று எழுந்து கேளுங்கள். சுந்தரத்திடம் அதற்கு ஓர் எண் இருக்கிறது. அது இன்னும் நிரூபிக்கப்படவில்லை.