டெக்சஸ் நூற்றாண்டுக் கண்காட்சி (1936)

அமெரிக்காவின் டெக்சஸ், மெக்சிகோவிடமிருந்து விடுதலையை அறிவித்து நூறாண்டுகள் நிறைந்ததைக் கொண்டாட நடத்தப்பட்ட உலகக் கண்காட்சி இது. டாலஸ் நகரின் ஃபேர் பார்க் வளாகத்தில் 1936 ஜூன் 6 முதல் நவம்பர் 29 வரை நடந்தது. ஏறத்தாழ 50 கட்டடங்கள், சுமார் 2.5 கோடி டாலர் செலவு, 63 லட்சத்துக்கும் மேற்பட்ட பார்வையாளர்கள் என்று பெருமந்தக் காலத்து அமெரிக்கா கண்ட பெரிய விழாக்களுள் ஒன்றாக அமைந்தது.

பின்னணி

டெக்சஸ் 1836 மார்ச் 2 அன்று விடுதலையை அறிவித்தது. 1845-இல் அமெரிக்க ஒன்றியத்தில் சேரும்வரை தனிக் குடியரசாக இருந்தது. நூற்றாண்டு விழா பற்றிய பேச்சு 1920-களிலேயே எழுந்தது. 1932-இல் வாக்காளர்கள் மாநில அரசியலமைப்பில் இதற்கான திருத்தத்தை ஏற்றனர். அப்போது பங்குச் சந்தை சரிந்து மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. பருத்தி விலை விழுந்து உழவர்கள் கடனில் தவித்தனர். பலருக்கு வேலை இல்லை. விழா வந்தால் கட்டுமான வேலை வரும், வெளியூர்ப் பணம் வரும் என்ற நம்பிக்கையே திட்டத்தைத் தாங்கி நின்றது. மாநிலச் சட்டமன்றமும் கூட்டாட்சி அரசும் தலா 30 லட்சம் டாலர் ஒதுக்கின.

இடத் தேர்வு

வரலாற்றை மட்டும் பார்த்தால் விழா சான் அன்டோனியோவுக்குப் போயிருக்க வேண்டும். விடுதலைப் போரின் புகழ்பெற்ற அலமோ கோட்டை அங்கேதான் உள்ளது. ஹூஸ்டனும் போட்டியில் இருந்தது. டாலஸோ 1836-இல் ஊராகவே இருக்கவில்லை. அதன் முதல் குடியேற்றம் 1841-இல்தான். ஆனால் ஆர். எல். தார்ன்டன், ஃப்ரெட் ஃப்ளோரன்ஸ், நேதன் ஆடம்ஸ் ஆகிய வங்கியாளர்கள் நிலத்தையும் சேர்த்து சுமார் 78 லட்சம் டாலர் மதிப்புள்ள உறுதியை முன்வைத்து விழாவைத் தங்கள் நகருக்குப் பெற்றுத் தந்தனர். கிழக்கு டெக்சஸில் 1930-இல் எண்ணெய் கிடைத்த பிறகு அத்தொழிலுக்குக் கடன் கொடுத்து டாலஸ் வங்கிகள் வலுப்பெற்றிருந்தன.

கட்டடங்கள்

கட்டடக்கலைஞர் ஜார்ஜ் டால், பால் கிரெட்டின் ஆலோசனையுடன் வளாகத்தை வடிவமைத்தார். அங்கு கூடும் மாநிலச் சந்தையின் பழைய கட்டடங்கள் சில புது முகப்பு பெற்றன. பல புதிதாக எழுந்தன. ஆர்ட் டெகோ பாணியே எங்கும் ஓங்கி நின்றது. நடுவில் 700 அடி நீளக் குளம். அதன் இருமருங்கிலும் ஆறு பெண் சிலைகள். டெக்சஸ் மண்ணை ஆண்ட ஸ்பெயின், பிரான்ஸ், மெக்சிகோ, டெக்சஸ் குடியரசு, தென்மாநிலக் கூட்டமைப்பு, அமெரிக்கா ஆகியவற்றை அவை குறிக்கின்றன. லாரன்ஸ் டென்னி ஸ்டீவன்ஸும் ராவுல் ஜோசேயும் ஆளுக்கு மூன்றாகச் செதுக்கினர்.

குளத்தின் கோடியில் நிற்கும் மாநில மண்டபத்துக்குச் சுமார் 12 லட்சம் டாலர் செலவானது. வில்லேந்திய தேஜாஸ் பழங்குடி வீரனின் பொன்முலாம் பூசிய சிலை அதன் வாயிலுக்கு மேல் நிற்கிறது. வடித்தவர் ஆலி டெனன்ட். இரவில் மண்டபத்தின் பின்னாலிருந்து தேடொளி விளக்குகள் வானில் விசிறியாக விரிந்தன. ஜூன் 12 அன்று குடியரசுத் தலைவர் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட் வந்து பார்த்தார்.

நீக்ரோ வாழ்வு மண்டபம்

இக்கண்காட்சியின் வரலாற்றில் மிகவும் நினைக்கத்தக்கது, அக்காலப் பெயரால் நீக்ரோ வாழ்வு மண்டபம் எனப்பட்ட கட்டடமே. நிறப்பிரிவினை சட்டமாக இருந்த மாநிலத்தில், ஏ. மேசியோ ஸ்மித் உள்ளிட்ட டாலஸ் கறுப்பினத் தலைவர்கள் தங்கள் மக்களுக்கும் ஓர் இடம் கேட்டனர். மாநிலச் சட்டமன்றம் நிதி தர மறுத்தது. கூட்டாட்சி அரசு ஒதுக்கிய 1 லட்சம் டாலரில் மண்டபம் எழுந்து, ஜூன் 19 அன்று திறக்கப்பட்டது. டெக்சஸில் அடிமைகளின் விடுதலை 1865-இல் அறிவிக்கப்பட்ட நாள் அது.

ஓவியர் ஏரன் டக்ளஸ் இதற்காக நான்கு பெரிய ஓவியங்கள் தீட்டினார். அவற்றுள் ஒன்றில் படத்தின் அடியில் விலங்கிட்ட கைகள் மேல்நோக்கி எழுகின்றன. அவற்றுக்கு மேலே புத்தகமும் கவராயமும் குடுவையும் கொண்ட மூவர், குன்றின் மேலுள்ள தொழில் நகரை நோக்குகின்றனர். நான்கு லட்சத்துக்கும் மேற்பட்டோர் மண்டபத்துக்கு வந்தனர். அவர்களில் பெரும்பாலோர் வெள்ளையர். இருந்தும் கண்காட்சி முடிந்ததும் மண்டபத்தை இடித்தார்கள். 1937-இல் அதே வளாகத்தில் நடந்த பான் அமெரிக்கக் கண்காட்சிக்கு அது விட்டுவைக்கப்படவில்லை. நான்கு ஓவியங்களில் இரண்டே இன்று எஞ்சியுள்ளன.

பிற நகரங்களில்

விழா டாலஸோடு நிற்கவில்லை. மாநிலமெங்கும் நினைவுச் சின்னங்களும் கருங்கல் வரலாற்றுக் குறிப்புக் கற்களும் நிறுவப்பட்டன. ஹூஸ்டன் அருகே 1836-இன் இறுதிப் போர் நடந்த சான் ஹசின்டோவில் 1936-இல் தொடங்கிய நினைவுத் தூண் 1939-இல் நிறைவுற்றது. போர்ட் வொர்த் நகரம் போட்டியாக, மேடை நிகழ்ச்சித் தயாரிப்பாளர் பில்லி ரோஸின் பொறுப்பில் தனிக் கேளிக்கை விழாவே நடத்தியது.

இன்று

ஃபேர் பார்க் 1986-இல் தேசிய வரலாற்றுச் சின்னமானது. டெக்சஸ் மாநிலச் சந்தை ஆண்டுதோறும் அங்கேதான் கூடுகிறது. மந்தக் காலத்தில் துணிந்து செலவிட்ட பணம் ஒரு நகருக்கு நிலையான கலைச் செல்வமானது என்பதற்கு அந்த வளாகம் சான்று. அந்தச் செல்வத்தில் கறுப்பின மக்களின் பங்கு ஒரே ஆண்டில் அழிக்கப்பட்டது என்பதும் சேர்த்துச் சொல்லப்பட வேண்டிய உண்மை. ஆப்பிரிக்க அமெரிக்க அருங்காட்சியகத்தின் கட்டடம் ஃபேர் பார்க்கில் திறக்கப்பட 1993 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.