தேகபலமும் திரையும்: சாண்டோ சின்னப்பா தேவர்

வன்னிநிலத்திலே, முல்லைத்தீவு மாவட்டத்துக் கற்சிலைமடுவில் நாட்டப்பட்ட நினைவுக்கல், 1803ஆம் ஆண்டு ஒக்டோபர் 31ஆம் நாள் கப்டன் வொன் டிரிபேர்க் பண்டாரவன்னியனைத் தோற்கடித்த செய்தியைப் பொறித்து நின்றது. வென்றவன் பெயரும் தோற்றவன் பெயரும் அதில் இருந்தன; இருவர் பின்னாலும் நின்று ஆயுதமேந்திய சாமானியரின் பெயர் ஒன்றேனும் இல்லை. அந்நியராட்சி வேரூன்றியபின், போர்த்திறனுக்குக் களம் இல்லாது போயிற்று. திருவிழாவிலும் நாடக மேடையிலும் தேகப்பயிற்சிச் சாலையிலும் அது ஒதுங்கி வாழ்ந்தது. இருபதாம் நூற்றாண்டிலே அதனைச் சினிமா விலைக்கு வாங்கிற்று. அவ்விலை யாது, யார் கைக்குச் சென்றது என்பதை ஒரு மனிதரின் வாழ்வைக் கொண்டு ஆராய்வோம்.

மருதமலை முருகன்பால் பெரும்பக்தி கொண்டிருந்த சின்னப்பா தேவர், 1915இல் கோயம்புத்தூரில் ஓர் ஏழைக் குடும்பத்திற் பிறந்தவர். வறுமை அவரது படிப்பை ஐந்தாம் வகுப்போடு நிறுத்திற்று. பங்கஜா மில்லிலே தொழிலாளியானார்; பால் விற்றார்; சோடா தயாரித்தார். இத்தனைக்கும் இடையே நண்பர்களோடு சேர்ந்து ‘வீர மாருதி தேகப்பயிற்சி சாலை’யை நடத்தி உடலை உரமாக்கினார். இந்தியாவிலும் சுற்றுப்பயணம் செய்த ஐரோப்பியப் பயில்வான் யூஜின் சாண்டோவின் பெயர், அக்காலத்தில் பலசாலிகளுக்கெல்லாம் பட்டமாக வழங்கிற்று. அப்பட்டமே இவர் பெயருக்கும் முன்னே நின்றது.

உடலைத் தவிர வேறு மூலதனம் இல்லாதவனுக்குச் சினிமா கொடுத்த வேலை என்ன? அடிவாங்குவது. கதாநாயகனிலும் வலியவனாக இருக்கவேண்டும். ஆயினும் அவனிடம் தோற்கவேண்டும். நாவலப்பிட்டியிற் பிறந்த எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகன் ஆன ‘ராஜகுமாரி’யில் (1947) அவரோடு மோதியவர் சின்னப்பாவே. எம்.ஜி.ஆர். வற்புறுத்தியதாலேயே அவ்வாய்ப்புக் கிட்டிற்று என்பர்.

1956இல் ‘தாய்க்குப்பின் தாரம்’ படத்தோடு தேவர் பிலிம்ஸ் தோன்றிற்று. தம்பி எம். ஏ. திருமுகம் இயக்குநரானார். எம்.ஜி.ஆரைக் கொண்டு மட்டும் பதினாறு படங்கள் எடுத்தார் தேவர். 1971இல் ‘ஹாத்தி மேரே சாத்தி’யால் இந்திப் படவுலகையும் வென்றார். 1978இல் அவர் மறைந்தபோது, முன்னாள் மில் தொழிலாளி தென்னகத்தின் பெரும் படமுதலாளிகளில் ஒருவர்.

கடலுக்கு அப்பாலும் இதே கதைதான். ஹொங்கொங்கில் குங்ஃபூ பயின்ற புரூஸ் லீ 1959இல் அமெரிக்கா சென்று, உணவுச்சாலையில் பணியாளாக இருந்தவர். 1966இல் அமெரிக்கத் தொலைக்காட்சி அவருக்கு அளித்தது முகமூடியணிந்த சாரதி வேடம். அவர் ஹொங்கொங்குக்கு மீண்டு, 1971இல் பனிக்கட்டித் தொழிற்சாலைத் தொழிலாளியாக நடித்த படமே அவரை நாயகனாக்கிற்று. பின்னர் சொந்தப் படநிறுவனத்தில் பங்காளியானார். 1973இல், 32 வயதில் மறைந்தார்.

இருவரும் உழைப்பால் உயர்ந்தனர் என்று கூறி அமைவது எளிது. ஆனால் இருவருமே உடைமையில் பங்கு பெற்ற பின்னரன்றோ தம் திறனுக்குத் தாமே விலை கூற முடிந்தது? அவ்வழி எத்தனை பேருக்குத் திறக்கும்? இந்தியாவின் தேசியத் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கின. சண்டைப்பயிற்சிக்கு விருது கிட்டியதோ 2016ஆம் ஆண்டுப் படங்களுக்கே. 2025 ஜூலையில், நாகப்பட்டினம் மாவட்டத்தில் நடந்த படப்பிடிப்பில் கார்ச் சாகசம் செய்த சண்டைக் கலைஞர் ஒருவர் உயிரிழந்தார்.

தனியொருவன் மேலேறியதைப் போற்றுவோம். ஆயின் ஏணியைத் தாங்கி நின்ற தோள்களை மறந்த வரலாறு அரைவரலாறே. மாணவர்க்குத் தேவரின் கதையைச் சொல்லும் ஆசிரியர், திரையில் அடிபட்டு விழுந்தவர்களின் கூலியையும் காப்பையும் பற்றிய கேள்வியையும் உடன் எழுப்புவாராக. கற்சிலைமடுக் கல் சொல்லாது விட்ட பெயர்களைத் தேடும் கல்வியும் அதுவே.