சாதிச் சான்றிதழ்: மெய்ப்பிக்கும் சுமை யாருக்கு?

போலிச் சான்றிதழ்கள் ஒடுக்கப்பட்டோருக்குரிய இடங்களைக் களவாடுகின்றன. அவற்றைத் தடுத்தாக வேண்டும் என்பதில் நமக்கு மாற்றுக் கருத்தில்லை. குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில் (1994) உச்ச நீதிமன்றம் அதற்கான நெறிமுறைகளை வகுத்தது: மாநில அளவிலான கூர்நோக்குக் குழு, அதன்கீழ் விழிப்புப் பிரிவின் நேரடி விசாரணை.

பழங்குடியினர் என உரிமை கோருவோரின் வழிபாடு, மணமுறை, ஈமச்சடங்கு ஆகியவையும் இவ்விசாரணையில் ஆராயப்படுகின்றன. நகரத்துக்குப் பெயர்ந்த குடும்பம் மூதாதையரின் சடங்குகளை மறந்திருக்கலாம். அதனால் அதன் குடிப்பிறப்பு மாறிவிடாது. மகாராட்டிரத்தின் தாக்கூர் பழங்குடியினர் தொடர்பான வழக்கில், 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு, இத்தகைய இன ஒப்புமைச் சோதனை முடிவான உரைகல் ஆகாது என்றது. அரசமைப்புச் சட்டத்துக்கு முந்தைய ஆவணங்களுக்கே கூடுதல் மதிப்பு உண்டு என்றும் தெளிவுபடுத்தியது.

ஆயினும், பள்ளி வாசலை மிதிக்க இயலாதிருந்த முன்னோரின் பெயர் எந்தப் பதிவேட்டில் இருக்கும்? மெய்ப்பிக்கும் பொறுப்போ விண்ணப்பதாரருடையது. 2022 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில், மகனுக்கு மலைக்குறவன் சான்றிதழ் கிட்டாத தந்தை ஒருவர் தீக்குளித்து மாண்டார்.

விசாரணை இரண்டு மாதங்களைத் தாண்டக் கூடாது என்று 1994 தீர்ப்பே கூறுகிறது. அக்காலவரம்பைக் கடைப்பிடிப்பதும், மறுப்புக்கான காரணத்தை எழுத்தில் அளிப்பதும் அரசின் கடமை. ஆவணமின்மை மோசடி ஆகாது. அது மறுக்கப்பட்ட கல்வியின் தடயம் என்பதே நமது நிலைப்பாடு.