ஆளில்லா வளவிற் காத்திருந்த தெள்ளுகள்

1996ஆம் ஆண்டு மே மாதம் வலிகாமத்திலுள்ள எமது வீட்டுக்குத் திரும்பியபோது எங்களை முதலில் வரவேற்றவை தெள்ளுகளே. 1995 ஒக்ரோபர் 30ஆந் திகதி இரவு வெளியேறியபின் ஆறு மாதத்துக்கு மேல் ஆளில்லாது கிடந்த வளவு அது. விட்டுச்சென்ற நாயைக் காணவில்லை. அது வழமையாகப் படுக்கும் மாமர நிழலைக் கடப்பதற்குள் முழங்கால்வரை தெள்ளு ஏறிவிட்டது. நாயே இல்லாத இடத்தில் இவை எதைத் தின்று உயிர்வாழ்ந்தன என்பது அன்று எனக்கு விளங்கவில்லை.

விடையைப் பின்னரே படித்தறிந்தேன். தெள்ளு நாயின் உடலில் இடும் முட்டை அங்கே ஒட்டிநிற்பதில்லை. நாய் படுக்குமிடத்தில் உதிர்ந்துவிடும். புழு வெளிச்சத்துக்கு அஞ்சி, நிழலும் ஈரமுமுள்ள மண்ணிற் புகுந்து, பெரிய தெள்ளுகளின் எச்சத்திலுள்ள காய்ந்த இரத்தத்தைத் தின்று வளரும். பின்னர் கூடு கட்டி, பல மாதங்கள்கூட உள்ளே கிடக்கும். காலடி அதிர்வும் மூச்சுக்காற்றும் எட்டினால் வெளியே பாயும். பூச்சிமருந்து அக்கூட்டினுள் எளிதிற் செல்வதில்லை.

எலித்தெள்ளின் வாழ்வும் இத்தகையதே. அதன் புழு வளர்வது எலிவளையில். இதை உணராமையால் மக்கள் பட்ட பாடு கொஞ்சமல்ல. 1896இல் பம்பாயிற் கொள்ளைநோய் பரவியபோது ஆங்கில அரசு காபோலிக் அமிலம் ஊற்றிக் கான்களைக் கழுவியது. சுவர்களுக்குச் சுண்ணாம்பு பூசியது. ஏழைகளின் உடைமைகளை எரித்தது. புனே நகரில் படையினர் வீடுவீடாகப் புகுந்து சோதனையிட்டனர். அந்தக் கொதிப்பில் 1897 யூன் 22ஆந் திகதி ராண்ட் என்ற அதிகாரி சுடப்பட்டார். தெள்ளையோ எவரும் தேடவில்லை.

தேடியவர் போல் லூயி சிமோன் என்ற பிரெஞ்சு மருத்துவர். 1898 யூன் 2ஆந் திகதி, கராச்சியில், நோயுற்ற எலியொன்றைத் தெள்ளுகளுடன் கண்ணாடிச் சாடியில் இட்டார். அதனைத் தொடமுடியாதவாறு கம்பிக்கூட்டில் நல்ல எலியொன்றையும் வைத்தார். சில நாட்களில் இரண்டாவது எலியும் கொள்ளைநோயால் இறந்தது. மருத்துவ உலகமோ அவரை நம்பவில்லை. பம்பாயில் லிஸ்டன் முதலானோர் நோய்வீடுகளில் கினிப்பன்றிகளை விட்டு, அவற்றில் ஏறிய தெள்ளுகளை ஆராய்ந்த பின்னரே, அதுவும் பல்லாண்டுகள் கழிந்தே, உண்மை நிலைபெற்றது.

1914இல் கொழும்புக்கும் அந்நோய் வந்தது. அங்கு மாநகரசபையின் நுண்ணுயிரியலாளராகவிருந்த ஹேர்ஸ்ற், எலித்தெள்ளுகள் யாவும் ஒன்றல்ல, ஓரினம் நோயை நன்கு கடத்தும், மற்றையது அவ்வளவாகக் கடத்தாது என வேறுபடுத்திக் காட்டினார். எங்கள் நாட்டில் நடந்த இப்பெரும் ஆய்வைப் பற்றிப் பள்ளியில் எனக்கு எவரும் ஒரு வரிகூடச் சொல்லித்தரவில்லை.

என் தாயார் இவர்களில் எவரையும் அறியார். மாமரத்தின் கீழ்க்கிளைகளை வெட்டுவித்து வெயிலை உள்ளே விட்டார். நாய் படுத்த இடத்து மேல்மண்ணை வழித்தகற்றி, காய்ந்த பனையோலையைப் பரப்பிக் கொளுத்தினார். ஒருநாளோடு நிறுத்தவில்லை, புதிதாகத் தெள்ளு கிளம்பக் கிளம்ப, மூன்று வாரம்வரை கூட்டிக்கொண்டேயிருந்தார். தெள்ளு ஒழிந்தது. கறுத்தக்கொழும்பான் காய்க்கும் கிளையை வெட்டிவிட்டதற்காக என் தந்தையார்தான் அவரோடு நெடுநாள் முகங்கொடுத்துப் பேசவில்லை.