உப்பு வாங்கியவர்: ஊஹான் நாட்குறிப்புகளில் காலம்

கோவிட் பெருந்தொற்றின் தொடக்கத்தில், 2020 ஜனவரி 23 காலை 10 மணிக்குச் சீனாவின் ஊஹான் நகரம் மூடப்பட்டது. ஏப்ரல் 8 அன்று திறந்தது. இடைப்பட்டவை 76 நாட்கள். அடைபட்டோர் ஏறத்தாழ ஒரு கோடியே பத்து லட்சம் பேர். 76 என்று இன்று யாரும் சொல்லிவிடலாம். உள்ளே இருந்தவர்களில் ஒருவருக்கும் அது தெரியாது. பெருந்தொற்றுக் காலத்தில் சாமானியர் எழுதிவைத்த நாட்குறிப்புகளின் சான்று மதிப்பு இந்தத் தெரியாமையில்தான் இருக்கிறது என்பதே இக்கட்டுரையின் வாதம். அவற்றை மறைக்கப்பட்ட தகவல்களின் கிடங்காக மட்டும் வாசித்தால் பாதியை இழந்துவிடுவோம்.

சமூகப் பணியாளரான குவோ ஜிங், 2019 நவம்பரில்தான் ஊஹானுக்குக் குடிவந்தவர், தனியாக வசித்தவர். ஊரடங்கு தொடங்கியதும் இணையத்தில் நாட்குறிப்பு எழுதினார். கடைக்குப் போன ஒரு நாள், ஒருவர் ஏராளமாக உப்பு வாங்கியதைக் குறித்திருக்கிறார். எதற்கு இவ்வளவு என்று கேட்டவரிடம், ஊரடங்கு ஓராண்டு நீண்டால் என்ன செய்வது என்றாராம் அவர். 76 நாளை அறிந்த வரலாற்றாசிரியருக்கு அந்த உப்பு வெறும் பீதி. அன்று அது நியாயமான கணக்கு. லண்டனின் 1665 கொள்ளைநோயைப் பற்றி டேனியல் டீஃபோ 1722இல் வெளியிட்ட நூலும் நேரில் கண்டவர் குறிப்பு போலவே எழுதப்பட்டதுதான். ஆனால் அதை எழுதியவருக்கு முடிவு தெரிந்திருந்தது.

அரசுப் பதிவேட்டில் காலம் வேறு மாதிரி நகர்கிறது. ஏப்ரல் 17 அன்று ஊஹான் நிர்வாகம் இறப்புக் கணக்கில் 1,290 பேரைச் சேர்த்தது. மொத்தம் 3,869 ஆனது. வீட்டிலேயே இறந்தவர்களும், மருத்துவமனைகள் திணறிய நாட்களில் விடுபட்டவர்களும் இதில் அடங்குவர் என்று விளக்கம் தரப்பட்டது. திருத்தம் தேவையானதே. ஆனால் உலக நாடுகளின் தினசரி வரைபடங்களில் அந்த 1,290 பேரும் ஒரே நாளில் இறந்தவர்கள் போல ஒரு செங்குத்துக் கோடாக நிற்கிறார்கள். அவர்கள் உண்மையில் இறந்த வாரங்களைத் தேட வேண்டுமானால், பிப்ரவரியில் மருத்துவமனைப் படுக்கை கேட்டு வெய்போ சமூக வலைத்தளத்தில் குடும்பங்கள் இட்ட வேண்டுகோள்களுக்குத்தான் போக வேண்டும்.

நாட்குறிப்பில் வதந்தியும் கலந்திருக்கும் என்பது வலுவான மறுப்பு. ஊரடங்கு நாட்களில் ஊஹானிலிருந்து இணையத்தில் நாட்குறிப்பு எழுதிய, ஹூபெய் மாகாண எழுத்தாளர் சங்கத்தின் முன்னாள் தலைவரான ஃபாங் ஃபாங்கைச் சாமானியர் என்று சொல்ல முடியாது. ஆனால் இந்த மறுப்பின் முழு வேகத்தையும் தாங்கியவர் அவர். தகன மையத் தரையில் சிதறிக் கிடந்த கைப்பேசிகளின் படத்தை மருத்துவ நண்பர் ஒருவர் அனுப்பியதாக எழுதினார். படம் எங்கே என்று கேட்டு அவரைக் கடுமையாகத் தாக்கினார்கள். அந்தப் பத்தி கைப்பேசிகளுக்குச் சான்றாகாது என்றே நானும் கருதுகிறேன். ஆனால் அன்று அந்த ஊரில் எது நம்பும்படியாக இருந்தது என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடைக்காது. எழுத நேரமோ கைப்பேசியோ இல்லாதவர்களின் நாட்கள் இவற்றிலும் இல்லை என்பதுதான் என்னை உறுத்தும் குறை.

எழுதப்பட்டவையும் எளிதில் நிலைக்கவில்லை. தணிக்கையில் நீக்கப்பட்ட இணையப் பக்கங்களைச் சேமித்துவைத்த ‘டெர்மினஸ்2049’ திட்டத்தின் இரு இளைஞர்கள் 2020 ஏப்ரலில் பிடித்துச் செல்லப்பட்டனர்; 2021 ஆகஸ்டில் 15 மாதச் சிறைத்தண்டனை பெற்றனர். பிறர் எழுதியது அழியாமல் பார்த்துக்கொண்டதே அவர்கள் செய்தது.

தொற்றைப் பற்றி முன்கூட்டியே எச்சரித்த ஊஹான் மருத்துவர் லீ வென்லியாங் தமக்குத் தொற்று உறுதியானதை பிப்ரவரி 1 அன்று வெய்போவில் தெரிவித்தார்; 7ஆம் தேதி இறந்தார். அந்தக் கடைசிப் பதிவின் கீழ் மக்கள் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பின்னூட்டங்களை நாட்குறிப்பு போலவே எழுதினர். அவருக்குக் காலை வணக்கம் சொல்கிறார்கள். தேர்வுக் கவலையைச் சொல்கிறார்கள். அவருக்குப் பிடித்த பொரித்த கோழிக்காலைத் தாங்களும் இன்று சாப்பிட்டதாகச் சொல்கிறார்கள்.